குறிப்பேட்டின் ஆறாவது வரி

பச்சை ரெக்சின் அட்டை போட்ட என் பழைய குறிப்பேட்டை விசாரணை அதிகாரி தம் பக்கம் திருப்பிப் பார்த்தார். அவருக்குத் தமிழ் தெரியாது. மறுபடி என் பக்கமே தள்ளி வைத்து, "ஆப் ஹீ படியே. பூரா படியே" என்றார். நீங்களே படியுங்கள், முழுக்கப் படியுங்கள். மேசைக்கு எதிரே தங்கச்சி கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அவள் எனக்கு உடன்பிறந்தவள் இல்லை. ரப்பர் தோட்டத்து லயத்தில், அந்தத் தொழிலாளர் வரிசை வீடுகளில், பாவாடை கட்டிய சிறுமியாக முதலில் பார்த்தேன். அன்றிலிருந்து என்னை அண்ணே என்றாள், நான் தங்கச்சி என்றேன். அன்று அந்த அறையில் அவளுடைய வேலை போகுமா இருக்குமா என்பது முடிவாக வேண்டியிருந்தது.

அவளுடைய குடும்பம் இலங்கை மலைத் தோட்டத்திலிருந்து திரும்பியது. இந்தியக் கரையில் அகதி முகாமில் சில மாதங்கள் இருந்துவிட்டு, கப்பலேறி இந்தத் தீவுகளின் ரப்பர் தோட்டத்துக்கு வந்தார்கள். தங்கச்சி படித்து, அகில இந்தியத் தேர்வு எழுதி, பட்டியல் சாதி ஒதுக்கீட்டில் போர்ட் பிளேயரில் ஒரு மத்திய அரசு அலுவலகத்தில் சேர்ந்தாள். தீவுகளில் பட்டியல் சாதி என்று ஒரு பட்டியலே கிடையாது. அதனால் சான்றிதழைத் தாத்தாவின் ஊரிலிருந்து வாங்கி வந்திருந்தாள். பல வருடம் கழித்து யாரோ மொட்டைக் கடிதம் போட்டார்கள். முகாமில் கொடுத்த குடும்ப அட்டையில் வேறு சாதி எழுதியிருக்கிறது, இவள் பொய்ச் சான்றிதழ் கொடுத்தவள் என்று.

அட்டையில் வேறு சாதி இருந்தது உண்மைதான். மலைத் தோட்டத்தில் ஆட்களைக் கங்காணி பெயரில்தான் பதிவார்கள். அந்தப் பழக்கத்தில் முகாம் வரிசையிலும் கங்காணிக்குப் பின்னால் நின்ற அத்தனை பேரும் அவர் சொன்ன சாதியையே சொல்லிவிட்டார்கள். "புது ஊருக்குப் போறோம், புது ஆளாப் போவோம்னு எங்கப்பா நெனச்சிட்டாருண்ணே" என்றாள் தங்கச்சி. ஒரே கப்பலில் வந்தவர்கள் தங்களுக்குள் சாதி கேட்பதில்லை. மாமன் மச்சான் என்று பழகி, பெண் கொடுத்து எடுத்து, அதைப் பேச்சிலிருந்தே எடுத்துவிட்டார்கள். இப்போது அவளுக்காகச் சாட்சி சொல்ல வருகிறவர் தன் சாதியையும் சொல்லியாக வேண்டும். அவள் ஒவ்வொரு வீடாக ஏறி இறங்கினாள். ஒரு சித்தப்பா முறைக்காரர் சிரித்துக்கொண்டே, "கப்பல் ஏறையில கடல்ல போட்டுட்டு வந்தத இப்ப வலை போட்டு எடுக்கச் சொல்றியா? எம் பேத்திக்கு மாப்ள பாத்துக்கிட்டிருக்கேன் புள்ள" என்றாராம். அதற்குப் பிறகு அந்த வீடுகளிலிருந்து அவளுக்குப் போனும் வரவில்லை, விசேஷத்துக்கு அழைப்பும் வரவில்லை. "அப்பாவும் இல்ல. ஆபீஸ்ல பக்கா காகஜ், எழுத்துல ஆதாரம் வேணும்ங்கிறாங்க. நா எங்கண்ணே போவேன்?" என்றாள்.

எனக்குத் தினமும் எழுதும் பழக்கம் உண்டு. தீவுக்கு வந்த புதிதில், வாக்காளர் விவரம் எடுக்கத் தோட்டத்து லயத்துக்குப் போன நாளைத் தேடி எடுத்தேன். முதல் ஐந்து வரிகளில் அவளுடைய அப்பா சொன்னது எல்லாம் இருந்தது. பூர்வீக ஊர், தெரு, சாதி, முகாமில் மாற்றிச் சொன்னது. ஆறாவது வரியையும் படித்தேன். தங்கச்சி பக்கத்தைப் பார்க்கக் கேட்டபோது, மூலத்தை நானே அதிகாரியிடம் நேரில் கொடுப்பதுதான் முறை என்று சொல்லிவிட்டேன். முறை அதுதான். ஆனால் நான் சொன்னதற்குக் காரணம் அது இல்லை.

ஐந்து வரிகளையும் படித்து இந்தியில் சொன்னேன். அதிகாரி பேனாவை எடுக்கவே இல்லை. ஒருவர் தன்னைப் பற்றித் தானே சொல்லிக்கொண்டது எப்படி ஆதாரமாகும் என்று கேட்டார். பிறகு பக்கத்தின் அடியில் விரலை வைத்தார். ஆறாவது வரியைப் படித்தேன். 'டீ கொடுத்தார்கள். வயிற்றுவலி என்று சொல்லிக் குடிக்காமல் வந்தேன். வலி இல்லை.' அவர் ஏன் என்று கேட்டார். எங்கள் வீட்டு ஆட்கள் அந்தச் சாதியார் கையால் வாங்கிக் குடிப்பதில்லை என்று இந்தியில் சொன்னேன். அந்த மொழியில் அதைச் சொல்ல எனக்குச் சொற்கள் தடுமாறின. அதிகாரி பேனாவைத் திறந்து எழுத ஆரம்பித்தார். வழக்கு வருவதற்கு எத்தனையோ வருடம் முன்னால், எந்த லாபமும் இல்லாத ஓர் அந்நியன் அப்படி நடந்துகொண்டான் என்பதுதான் அவருக்கு வேண்டிய ஆதாரமாக இருந்தது.

பிற்பாடு அவள் வீட்டில் நான் எத்தனையோ முறை உட்கார்ந்து சாப்பிட்டிருக்கிறேன். அதனால் அந்த முதல் நாள் கணக்கில் இல்லை என்று நினைத்துக்கொண்டிருந்தேன். படியிறங்கும்போது அவள் கேட்டாள்.

"அப்ப அன்னிக்கு வயித்துவலி இல்லையாண்ணே?"

"இல்லம்மா."

"அப்பா கடைசி வரைக்கும் கேட்டாரு, அந்தத் தம்பிக்கு வயிறு சரியாயிருச்சான்னு."

சான்றிதழ் செல்லும் என்று உத்தரவு வந்தது. வேலை நிலைத்தது. இப்போது அவள் மாற்றல் வாங்கிக்கொண்டு தீவுகளின் வடகோடியில் திக்லிபூரில் இருக்கிறாள். பண்டிகைக்குப் போனில் ஒரு வாழ்த்துப் படம் வரும். நானும் ஒன்று அனுப்புவேன். பேசுவதில்லை. முன்பெல்லாம் மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை பாம்பூஃப்ளாட்டில் என் வீட்டுக்கு வந்து, என் மனைவியோடு அடுக்களையில் நின்றே மத்தியானம் வரை பேசிக்கொண்டிருப்பாள்.

கடைசியாக வந்தது உத்தரவின் பிரதியைக் காட்டத்தான். கேட்டுக்கு வெளியே நின்றபடியே காகிதத்தை நீட்டினாள். நான் படித்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தேன். "உள்ள வாம்மா, அண்ணி சமைச்சிட்டிருக்கா" என்றேன். "இல்லண்ணே, போட்டுக்கு நேரமாச்சு" என்றாள். போர்ட் பிளேயர் போகும் அடுத்த போட்டுக்கு இன்னும் நாற்பது நிமிடம் இருந்தது. படகுத்துறை ஐந்து நிமிட நடை. போட் நேரம் எனக்கு மனப்பாடம் என்பது அவளுக்கும் தெரியும்.

"சரிம்மா, பாத்துப் போ" என்றேன்.