அத்தான் வீட்டு வெந்நீருக்காக ஆலங்குடிக்கு ஒரு நாள்

போன மாதம் அக்காவின் கணவர் வெந்நீரில் இடது காலைச் சுட்டுக்கொண்டார். இருபது வருடச் சர்க்கரை. பாதத்தில் உணர்ச்சி கிடையாது. தோல் உரிந்ததைப் பார்த்த பிறகுதான் சுட்டதே அவருக்குத் தெரிந்திருக்கிறது. அன்றிலிருந்து அக்கா கீசரை அணைத்துவிட்டு, அடுப்பில் தண்ணீர் காயவைத்துத் தூக்கிக்கொண்டு போகிறாளாம். அது இன்னும் ஆபத்து. கேள்விப்பட்டதும் அந்தச் சனிக்கிழமையே கிளம்பிவிட்டேன். திருச்சியில் ஒரு தொழிற்பயிற்சி நிலையத்தில் வயரிங் சொல்லிக்கொடுப்பது என் வேலை. பையில் ஸ்க்ரூ டிரைவர், டெஸ்டர், ஒரு தெர்மாமீட்டர்.

காலை 6.20க்குத் திருச்சியில் பஸ் ஏறினேன், 7.50க்குப் புதுக்கோட்டை. ஏறக்குறைய 55 கிலோமீட்டர். அங்கிருந்து ஆலங்குடி 20 கிலோமீட்டர். டவுன் பஸ்ஸில் பெண்களுக்கு இலவசம், நாற்பத்தைந்து நிமிடம் ஆகும். அக்கா வீட்டுக்கு மேலும் மூன்று கிலோமீட்டர், ஆட்டோவுக்கு 80 ரூபாய்.

வந்த காரியத்தைச் சொன்னதும் ஆட்டோக்காரர், "எங்க வீட்டு கீசர்லயும் கைய வைக்க முடியலங்க. சூட்டக் கொறைக்க முடியுமா?" என்றார்.

"பெரும்பாலும் முடியுங்க. உள்ள ஒரு திருகு இருக்கும்."

"மாட்டிட்டுப் போன ஆளு சொல்லவே இல்லையே."

அத்தான் காலில் கட்டோடு உட்கார்ந்திருந்தார். "இதுக்கா இம்புட்டு தூரம் வந்த? நான் பச்சத் தண்ணியிலயே குளிச்சுக்குறேன்மா."

"சளி புடிச்சா யாரு பாக்குறது?" என்றாள் அக்கா.

முதலில் கீசரை ஓடவிட்டுக் குழாய்த் தண்ணீரை அளந்தேன்: 68 டிகிரி. பிறகு மெயினை அணைத்து, டெஸ்டரால் சரிபார்த்து, அடிமூடியைக் கழற்றினேன். திருகு கடைசிவரை ஏற்றி வைக்கப்பட்டிருந்தது. ஐம்பதுக்கு இறக்கி மூடினேன். மறுபடி அளந்தால் 67. அக்காவின் முகம் வாடிவிட்டது.

"உள்ள இருக்கறது முன்னாடியே காஞ்ச தண்ணி, அக்கா" என்று சொல்லி இருபத்தைந்து லிட்டரையும் வாளிகளில் வடித்தேன். புதுத் தண்ணீர் காய்ந்து, கீசரின் விளக்கு தானாக அணைந்தது. இப்போது 49.

வாளியில் பச்சைத் தண்ணீர் விட்டு, மேலே வெந்நீர் கலந்து, 38க்குக் கொண்டுவந்தேன். அத்தான் குளியலறை வாசலிலேயே நின்றார்.

"சுட்டதுகூடப் பெருசில்லம்மா. சுட்டது தெரியலையேன்னுதான் உள்ள போகவே பயமா இருக்கு" என்றார் மெதுவாக. அதுவரை யாரிடமும் அவர் அதைச் சொன்னதில்லை. பிறகு அக்காவிடம், "நீ ஒரு தடவ கைய விட்டுப் பாரு" என்றார்.

அக்கா முழங்கை வரை விட்டுப் பார்த்தாள். "போங்க. சரியாத்தான் இருக்கு."

நீங்களும் இப்படி யார் வீட்டுக்காவது போவதாக இருந்தால்: மின்வேலை தெரியாவிட்டால் மூடியைத் திறக்காதீர்கள், எலெக்ட்ரீஷியனைக் கூப்பிடுங்கள். திருகை ஐம்பதுக்குக் கீழே இறக்க வேண்டாம், தொட்டியில் கிருமி வளரும். ஆனால் 49 டிகிரியும் அப்படியே ஊற்றிக்கொள்ளும் சூடல்ல. எப்போதும் பச்சைத் தண்ணீரை முதலில் விடுங்கள். உணர்ச்சி குறைந்தவர் தானே சூடு பார்க்கக் கூடாது; இன்னொருவர் பார்த்துச் சொல்ல வேண்டும். காலையில் கிளம்பினால் மாலை 4.10 பஸ்ஸில் தாராளமாகத் திரும்பிவிடலாம்.

கட்டு நனையாமல் கவர் கட்டிக்கொண்டு போன அத்தான் குளிக்க இருபது நிமிடம் எடுத்துக்கொண்டார். இத்தனை நாள் போல அக்கா கதவுக்கு வெளியே காத்து நிற்கவில்லை. எனக்கு மீன்குழம்பு ஊற்றிவிட்டு, தனக்கும் ஒரு தட்டு போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள்.