வெள்ளைத் தூள் பூசிய கை

பல்கலைக்கழகப் பெண்களுக்கான ஜிம்னாஸ்டிக்ஸ் போட்டியில் இந்த முறையும் நான் பயிற்றுவித்த அணிதான் முதலிடம். பிள்ளைகள் கோப்பையோடு தங்கள் அம்மாமாரிடம் ஓடினார்கள். கைக்குப் பூசும் வெள்ளைத் தூளை நான் அள்ளி மூடிவைத்தேன். அதன் வறண்ட மணம் மூக்கில் ஏறியதும் நாங்கள் குடியேறிய பனி ஊரான புருசெத்தில் ஒன்பது வயதுப் பிள்ளையாக நின்றேன்.

அன்று எனக்கு முதல் போட்டி. யாழ்ப்பாணத்தில் மாமா செத்து எட்டாம் நாள். அம்மா மண்டப வாசலோடு நின்றுவிட்டா.

"எனக்குச் செத்தவீட்டுத் துடக்கு, பிள்ளை. முப்பத்தொண்டாம் நாள் முடியாமல் கொண்டாட்டத்துக்குள்ளை வரக்கூடாது."

"இதென்ன கோயிலோ அம்மா? போட்டி!"

"கப் குடுக்கிறாங்கள், கை தட்டுறாங்கள். பிறகென்ன? நான் யன்னலுக்கு வெளியிலை நிண்டு பாக்கிறன்."

எனக்குக் கோபம் கோபமாக வந்தது. மற்ற அம்மாமார் எல்லாம் உள்ளே கேக் வெட்டிக்கொண்டிருந்தார்கள்.

வெளியே பனி கொட்டியது. உள்ளே மூச்சுச் சூட்டில் கண்ணாடி முழுக்க நீராவிப் புகார். என் பெயரைக் கூப்பிட்டதும், பயிற்றுநர் கத்தக் கத்த யன்னலுக்கு ஓடி, தூள் பூசிய கையால் ஒரு வட்டம் துடைத்தேன். அதற்குள் அம்மாவின் சிவந்த மூக்கும் இரண்டு கண்களும் தெரிந்தன. பிறகுதான் சமநிலைக் கட்டையில் ஏறினேன். இரண்டு தரம் விழுந்தேன். அம்மா கை தட்டினா, சத்தம் கேட்கவில்லை.

இப்போது, அம்மா செத்த முப்பத்தொன்றாம் நாளும் போன கிழமைதான் முடிந்தது.

இந்த மண்டபத்து யன்னலிலும் புகார் படிந்திருந்தது. கையில் தூளோடு கிட்டப் போனேன். துடைக்கவில்லை. துடைக்காத வரைக்கும் அம்மா வெளியே நிற்கலாம்.