நான் வாசிக்காமல் விட்ட வரி

அக்கா எங்களை விட்டுப் போய் இன்றோடு ஓராண்டு. இந்த நினைவு மலரைக் கையில் வாங்கும் உறவுகளான நீங்கள் அவரின் பக்தியையும் பொறுமையையும் பற்றி வாசிக்க எதிர்பார்ப்பீர்கள். பக்தி கடைசிவரை இருந்தது. பொறுமை இருக்கவில்லை. அதற்குக் காரணம் தம்பியாகிய நான்.

தலைமன்னாரில் கடற்றொழிலாளி ஒருவரின் மூத்த மகளாகப் பிறந்து, போரில் இடம்பெயர்ந்து, எங்கள் எல்லோரையும் கரைசேர்த்த பிறகே அக்கா கனடா போனார். அங்கே முதியோர் இல்லமொன்றில் பராமரிப்பு வேலை. அவர் பார்த்துக்கொண்டவர்களில் அந்நாட்டுப் பூர்வகுடியைச் சேர்ந்த ஓர் அம்மாவும் இருந்தார். சாகக் கிடப்பவரின் கட்டிலருகே செபமாலை சொல்வது எங்கள் ஊர் வழக்கமல்லவா? அக்கா அன்பு மிகுதியில் அந்த அம்மாவின் கையில் செபமாலையைச் சுற்றிவிட்டுச் செபிக்கத் தொடங்கினார். அந்த அம்மா அலறி, மாலையை வீசியெறிந்து, சுவரோடு ஒடுங்கிக்கொண்டார்.

காரணத்தை அவரின் மகள் பிறகு சொன்னார். அந்த அம்மாவை ஆறு வயதில் தாயிடமிருந்து பிடுங்கி, கத்தோலிக்கக் குருமாரும் கன்னியரும் நடத்திய விடுதிப் பள்ளியில் விட்டார்களாம். கூந்தலை வெட்டினார்களாம். தாய்மொழி பேசினால் அடி. கூடப் போன தம்பி திரும்பவே இல்லை. எங்கே புதைத்தார்கள் என்றும் தெரியாது. அந்நாடெங்கும் இப்படிப் பள்ளிகள் இருந்தன. எங்கள் திருச்சபையும் வேறு சபைகளும் அரசோடு சேர்ந்து நடத்தியவை. ஆன்மாவை மீட்கப் போகிறோம் என்று போய்ப் பிள்ளைகளைப் பறித்திருக்கிறார்கள். எழுதவே அருவருப்பாக இருக்கிறது. வேதம் பரப்பப் போனவர்களின் படங்களைச் சுவரில் மாட்டி வளர்ந்தவர்கள் நாங்கள்.

அக்கா ஊர் திரும்பினார். கல்லறைத் திருநாளுக்கு ஒவ்வொரு குடும்பமும் இறந்தோரின் பெயர்களை எழுதிக் கொடுக்கும். கோயில் சபைச் செயலாளரான நான் பூசைக்கு முன் அவற்றை வாசிப்பேன். அக்காவின் தாளில் அப்பா, அம்மாவின் பெயர்களுக்குக் கீழே, "கனடாவில் திருச்சபைப் பள்ளிகளில் இறந்த பிள்ளைகள்" என்று ஒரு வரி இருந்தது. சபைக் கூட்டத்தில் அதைக் காட்டினேன்.

"உது வெள்ளைக்காரன்ர பிரச்சினை. எங்கட கோயிலுக்குள்ள ஏன் உந்த ஊத்தையைக் கிளறுவான்?" என்றார் ஒருவர்.

யாரும் மறுத்துப் பேசவில்லை. நானும்தான். திருநாளன்று அப்பா, அம்மாவின் பெயர்களை வாசித்துவிட்டு அடுத்த குடும்பத்துக்குத் தாவினேன். முன்வரிசையில் அக்கா என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

வீட்டுக்கு வந்ததும் கேட்டார்: "எழுதித் தந்ததை வாசிக்கிறதுதானே உன்ர வேலை?"

"பூசை வைக்கிற சுவாமி என்ன நினைப்பாரோ எண்டு..."

"சுவாமியைச் சாட்டாதை. சண்டையில காணாமல் போன எங்கட பிள்ளையளைத் தேடித் தாங்கோ எண்டு உலகம் முழுக்கக் கேக்கிறம். அவையின்ர பிள்ளையளுக்கு ஒரு வரி வாசிக்க உனக்கு வாய் வரேல்லையோ? சீ!"

அடுத்த கல்லறைத் திருநாள் வரை அக்கா இருக்கவில்லை.

நோயில் பராமரித்த தாதியருக்கும், நாள் தவறாமல் கஞ்சி கொண்டுவந்த அயலிலுள்ள முஸ்லிம் சகோதரிக்கும், குழி வெட்டிய இளைஞர்களுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. கோயில் சபைக்கு நன்றி சொல்ல மனம் வரவில்லை. அதில் நானும் அடக்கம்.

இன்று மாலைப் பூசைக்கு முன் நான்தான் வாசிக்கிறேன். அந்தப் பிள்ளைகள் முதலில், அக்கா அடுத்து. கேட்கப் பிடிக்காதவர்கள் வெளியே நில்லுங்கள். அக்காவின் பெயரைக் கேட்கவும் உள்ளே வரவேண்டாம்.