வெட்டச் சொன்ன துண்டு

வெட்டி எடுக்கச் சொன்ன படச்சுருள் துண்டை அம்மா ஏன் கடைசிவரை வைத்திருந்தார்? இருமல் மாத்திரை வரும் தட்டையான தகர டப்பாவில் போட்டு, எங்கள் பிறப்புப் பத்திரங்களுக்கு அடியில் அதை வைத்திருந்தார். அம்மா இறந்து இரண்டு வருடமாகிறது. இன்னும் எனக்கு விடை தெரியவில்லை.

எழுபதுகளின் நடுவில், நான் ஐந்தாம் வகுப்பில் இருந்தபோது, படக்கார மாமா மலேசியாவின் ஈப்போ நகரத்திலிருந்து ஞாயிறுதோறும் மோட்டார் சைக்கிளில் எங்கள் ரப்பர் தோட்டத்துக்கு வருவார். மற்ற நாட்களில் போட்டோக் கடையில் வேலை. யாரும் கேட்காமலே, சொந்தச் செலவில், கையடக்கக் கேமராவால் தோட்டத்துச் சனங்களைப் படம் எடுத்துக்கொண்டிருந்தார். ஒரு சுருள் மூன்று நிமிடம்தான் ஓடும். எங்கள் ஆட்களோ கேமராவைக் கண்டதும் பால் வெட்டும் கத்தியைக் கீழே வைத்துவிட்டு விறைத்து நிற்பார்கள். அம்மா கூறைப் புடவை கட்டிக்கொண்டு பால்மரத்தடியில் போய் நின்றார். கண்கூட இமைக்கவில்லை.

"வேலையப் பாருங்கக்கா. இது போட்டோ இல்ல லா."

"அசஞ்சா மூஞ்சி கலங்கிப் போயிரும்னு ஐ.சி. கார்டுக்குப் படம் புடிச்சவன் சொன்னானே தம்பி!"

அந்தச் சுருள் முழுக்க அம்மா சிலைதான். ஆனால் இன்னொரு நாள் காலையில், அம்மாவுக்குத் தெரியாமல், மாமா வேறொரு காட்சியும் எடுத்திருக்கிறார்.

அது எங்களுக்குத் தெரிந்தது, பள்ளிக்கூட ஜன்னல்களைச் சாக்கால் மூடி, வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டிய மதியத்தில்தான். கூறைப் புடவையைப் பார்த்துச் சனங்கள் விசிலடித்தார்கள். அடுத்து, அப்பாவின் கிழிந்த சட்டையும் தலையில் துணியுமாக அம்மா. சாரோங்கைத் தூக்கிச் செருகி, கெண்டைக்காலில் ஒட்டிய அட்டையைப் பிடுங்கிப் பக்கத்து மரத்து அக்காமேல் சுண்டி எறிகிறார். பிறகு வாய்விட்டுச் சிரிக்கிறார். வீட்டில் அப்படிச் சிரித்து நான் பார்த்ததே இல்லை.

"உங்கம்மா அட்டைக்கு நல்லா ரத்தம் குடுக்குது லா!" என்றாள் பக்கத்தில் இருந்த வகுப்புத் தோழி. வகுப்பே சிரித்தது. அன்று நான் சோறு தின்னவில்லை. "அந்தப் படத்துல நீ வேணாம்மா" என்று அழுதேன்.

அடுத்த ஞாயிறு அம்மா மாமாவிடம் போனார். "அந்தத் துண்ட மட்டும் வெட்டிருங்க தம்பி."

"அக்கா, மொத்தப் படத்துலயும் அதுதான் உசுரு."

"இருக்கட்டும். புள்ள அழுவுது."

மாமா சுருளை எடுத்து வந்தார். அங்கேயே கத்தரித்து, சட்டைப்பையிலிருந்த மாத்திரை டப்பாவைக் காலி செய்து, அதில் சுருட்டி வைத்து அம்மாவிடம் கொடுத்தார். "நீங்களே எரிச்சிருங்கக்கா. என்னால முடியாது."

அம்மா எரிக்கவில்லை. என்னிடம் அதைப் பற்றிப் பேசவும் இல்லை. நான் படித்தேன், அலுவலக வேலைக்குப் போனேன், ஈப்போவில் குடித்தனம் வைத்தேன். என் மாமியார் வீட்டில், அம்மா பால் வெட்டியவர் என்பதை நானாக ஒருநாளும் சொன்னதில்லை. யாரும் கேட்கவில்லையே என்று சமாதானம் சொல்லிக்கொள்வேன். அது சமாதானம்தானா என்றும் தெரியவில்லை.

இருபது வருடம் கழித்து, போன வாரம் படக்கார மாமா என் வீட்டுக்கு வந்தார். தலை நரைத்துவிட்டது. தோட்டத்தில் பால்மரங்களை வெட்டி எண்ணெய்ச் செம்பனை நட்டுவிட்டார்களாம். பழைய சுருள்களையெல்லாம் ஒட்டி ஒரே படமாக்கி, ஈப்போவில் மண்டபம் எடுத்துக் காட்டப்போகிறாராம். "அக்காவோட அந்தத் துண்டு இருக்காம்மா?" என்றார். "தேடிப் பாக்குறேன் மாமா" என்று பொய் சொன்னேன். டப்பா அவர் உட்கார்ந்திருந்த நாற்காலிக்குப் பின்னால், அலமாரியில்தான் இருந்தது.

அவர் போனபின் அதைத் திறந்து துண்டை ஜன்னல் வெளிச்சத்தில் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தேன். என் நான்கு வயது மகள் எட்டிப் பார்த்து, "யாரும்மா இது, இப்படிச் சிரிக்குது?" என்றாள். அவளும் ஒருநாள் என்னைப் போல் அழுவாளோ என்று பயமாக இருந்தது.

கொடுத்தால் அம்மா சொல்லை மீறுகிறேன். கொடுக்காவிட்டால், அன்று என் அழுகை வெட்டியதை இன்று என் கையே வெட்டுகிறது. மாமா வரும் ஞாயிறு மறுபடி வருவார். டப்பாவை மூடி, பத்திரங்களுக்கு அடியிலேயே வைத்திருக்கிறேன். இதைப் படிக்கும் நீங்கள் என் இடத்தில் இருந்தால் என்ன செய்வீர்கள்? தயவுசெய்து எழுதுங்கள்.