பொட்டு வைத்த உலை

போன மழைக்காலம் முழுக்க நான் ஒரு மந்திர உலைக்களத்தில்தான் குடியிருந்தேன். உடம்பு என்னவோ திருவொற்றியூரில், இரண்டாவது மாடி வாடகை வீட்டில், கட்டில் ஓரத்துக் கம்ப்யூட்டர் முன்னால்தான் கிடந்தது. செல்போன் விளையாட்டுகளுக்குப் பின்னணி வரைவது என் பிழைப்பு. எவனோ கற்பனை பண்ணிய உலகத்தில், மலைக்கடியில், குள்ளர்கள் கட்டிய புராதனப் பட்டறை ஒன்று வேண்டுமாம். ஆயிரம் வருஷமாக யாரும் கால் வைக்காத இடமாம். ஆனால் உலை மட்டும் அணையாமல் எரிய வேண்டுமாம். யார் கரி போடுகிறார்கள் என்று கேட்டால் மந்திரம் என்றார்கள். அந்த மந்திரம் எங்கள் வீட்டில் ஒருத்தருக்குக் கிடைத்திருந்தால் தேவலை.

என் வீட்டுக்காரர் எர்ணாவூர் பக்கம் ஒரு கம்பெனியில் நிஜ உலை முன்னால் நிற்கிறவர். பழுக்கக் காய்ந்த இரும்பைக் குறடால் பிடித்து இழுத்து, மெஷின் சம்மட்டிக்குக் கீழே வைக்கிற வேலை. பல வருஷத்து அனலில் இரண்டு கண்ணிலும் புரை விழுந்துவிட்டது. ஆபரேஷன் செய்யலாம், ஆனால் அதற்கப்புறம் உலைப் பக்கம் தலை வைக்கக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். வேலையை விட்டுவிட்டு எதைத் தின்பது? என் வேலையோ இன்றைக்கு உண்டு, நாளைக்கு இல்லை என்கிற ரகம். அந்த நேரம் பார்த்துத்தான் எங்கள் டீம் லீடர் போன் பண்ணினான்.

“அக்கா, இந்தப் பட்டறை மட்டும் க்ளையன்ட்டுக்குப் பிடிச்சிடுச்சுன்னா உங்களை பெர்மனன்ட் பண்றதா மேல சொல்லிட்டாங்க.”

அன்றைக்கே இவரிடம் சொன்னேன். “அப்போ கண்ண ஆபரேசன் பண்ணிக்கினு நான் வூட்ல குந்திக்கலாம்னு சொல்லு,” என்று சிரித்தார். மறுநாள் தன்னுடைய சம்மட்டி மெஷினையே எல்லாப் பக்கமும் போனில் படம் பிடித்து வந்து கொடுத்தார். துரு, எண்ணெய்க் கறை, தேய்ந்த இரும்பு எல்லாம் அசலாக இருந்தன. அந்தப் படங்களை வெட்டி ஒட்டித்தான் குள்ளர்களின் சம்மட்டிக்குத் தோல் போர்த்தினேன். இடுப்பு கழன்று போயிற்று. ஒருவழியாக முடித்து அனுப்பினேன்.

சில நாளில் டீம் லீடர் கூப்பிட்டான். “அக்கா, சம்மட்டி மேல மஞ்சளா, சிவப்பா ஏதோ புள்ளி இருக்காம். என்னன்னு கேக்குறாங்க.”

பெரிதாக்கிப் பார்த்தேன். சந்தனம், குங்குமம். ஆயுத பூஜைக்கு வைத்த பொட்டு, படத்தோடு கூடவே வந்துவிட்டிருக்கிறது. எங்கள் பக்கம் ஆட்டோவுக்குப் பொட்டு, தண்ணீர் மோட்டாருக்குப் பொட்டு, கிரைண்டருக்குப் பொட்டு. என் கம்ப்யூட்டர் பெட்டிக்கே நான்தான் வைத்தேன். பொட்டில்லாத மெஷினைப் பார்த்திருந்தால்தானே இது கண்ணில் படும்? டீம் லீடரும் கொருக்குப்பேட்டைக்காரன்தான், அவனும் பார்த்துவிட்டுத்தான் ஓகே சொன்னான்.

“ஆயிரம் வருஷமா யாரும் வராத இடத்துல யார் வந்து வெச்சாங்கன்னு கேக்குறாங்கக்கா,” என்றான். நியாயமான கேள்விதான். அதனாலேயே எரிச்சலாக வந்தது.

ஒவ்வொரு பொட்டாக அழித்துவிட்டு இவரைக் கூப்பிட்டுக் காட்டினேன். திரையில் மூக்கு இடிக்கிற அளவுக்குக் குனிந்து பார்த்தார்.

“ஜோரா கீதுமே.”

“பொட்டெல்லாம் எடுத்துட்டேன்யா.”

“எட்த்துட்டியா?” என்று இன்னும் குனிந்தார்.

பெரிதாக்கி வைத்திருந்த திரையில் ஒவ்வொன்றும் உள்ளங்கை அகலம் இருந்த பொட்டு. அது போனதே அவருக்குத் தெரியவில்லை. லேசாகத்தான் மங்கலாக இருக்கிறது என்று இத்தனை நாளும் என்னிடம் சொல்லிக்கொண்டிருந்தது சுத்தப் பொய்.

“இந்தக் கண்ண வெச்சிக்கினா நெருப்பாண்ட நிக்கிற?” என்று கத்தினேன்.

“கைக்கு எடம் தெரியும். வுடு,” என்றார்.

பொட்டில்லாத பட்டறையை அனுப்பிவிட்டு, போனைக் கையிலேயே வைத்துக்கொண்டு திரிந்தேன். சமையலில் உப்புப் போட்டேனா இல்லையா என்பதுகூட நினைவில்லை. கடைசியில் ஒரு மத்தியானம் டீம் லீடர் கூப்பிட்டான். குரலிலேயே விஷயம் தெரிந்துவிட்டது.

“முன்னாடி ஏதோ ஒரு உயிர் இருந்துச்சாம், இப்போ இல்லையாம் அக்கா. கதையையே மாத்திட்டாங்க. பட்டறை வேணாமாம், ஹீரோவுக்குக் கத்தி ஐஸ் குகையில கிடைக்குதாம். அதையும் நீங்கதான் பண்ணணும். பெர்மனன்ட் விஷயம் அப்புறம் பாக்கலாம்.”

வைத்தால் ஏன் வைத்தாய், எடுத்தால் ஏன் எடுத்தாய். எனக்குத் திட்டக்கூடத் தெம்பில்லை. சரி என்று போனை வைத்துவிட்டேன்.

இவர் செகண்ட் ஷிப்ட்டுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தார். பட்டறை வேண்டாமாம், வேலையும் நிரந்தரமில்லையாம் என்று சொன்னேன். சட்டைப் பொத்தானைப் போட்டபடியே கேட்டுக்கொண்டார்.

“அடுத்தது இன்னா பண்ண சொல்லிக்கிறான்?”

“ஐஸ் குகை.”

“ஜில்லுனு இருக்கும்ல. அங்க எனக்கு ஒரு வேல போட்டுக் குடுப்பானான்னு கேளு.”

எனக்குச் சிரிப்பு வந்தது, பின்னாலேயே அழுகையும் வந்தது. அவர் சாப்பாட்டு டப்பாவை எடுக்க மேசைப் பக்கம் கையை நீட்டினார். கை டப்பாவைத் தாண்டிப் போய் வெறும் பலகையைத் தடவியது. நான் டப்பாவை நகர்த்தி அந்தக் கைக்கு அடியில் வைத்தேன். எடுத்துக்கொண்டு வேலைக்குப் போனார்.