மஸ்தான் என்று ஒரு தம்பி

போன மாதம் செஞ்சி பஸ் ஸ்டாண்டில் அவலூர்பேட்டை பஸ்ஸில் உட்கார்ந்திருந்தேன். ஒரு ஆள் ஏறி எல்லோர் மடியிலும் ஒரு சின்னப் புத்தகத்தைப் போட்டுக்கொண்டே போனான். குழந்தைகளுக்கு வைக்க மூவாயிரம் பெயர்கள். தம்பி மகள் முழுகாமல் இருக்கிறாள், ஏழாம் மாதம். அவளைப் பார்க்கத்தான் போய்க்கொண்டிருந்தேன். ஒன்று வாங்கினேன். பஸ் கிளம்புவதற்குள் ஆண் பெயர்களில் 'ம' வரிசையைத் தேடினேன். மகேஷ், மணிகண்டன் எல்லாம் இருந்தன. கேள்வியேபடாத மயூரேஷ்கூட இருந்தது. என் தம்பி பெயர் இல்லை.

தம்பி பெயர் மஸ்தான். எங்கள் நைனா பெயர் கோவிந்தசாமி. இரண்டையும் சேர்த்துச் சொன்னால் இன்று ஆபீஸ்களில் நிமிர்ந்து பார்க்கிறார்கள். அறுபதுகளில் அதை யாரும் அதிசயமாக நினைத்ததில்லை. எங்கள் தெருவிலேயே மூன்று மஸ்தான்கள். வண்டி ஓட்டுகிற மஸ்தான் முஸ்லிம். பால் மஸ்தானும் எங்கள் மஸ்தானும் நெற்றியில் திருநீறு வைக்கிற வீட்டார்.

அதற்கு என்ன அர்த்தம் என்று எனக்கு அந்த வயதிலேயே அரிப்பு. பேசக் கூச்சப்படுகிறவள்தான், ஆனாலும் இதை மட்டும் எல்லோரிடமும் கேட்டேன். பால் மஸ்தான் தன் தோளைத் தட்டி, "மஸ்தான்னா பயில்வான்" என்றார். அவர் உடம்பைப் பார்த்தால் நம்ப முடியவில்லை. பக்கத்து வீட்டுத் தையல்காரர் பாய் ஊசியில் நூல் கோத்தபடி சொன்னார்: "ஆண்டவன் நெனப்புலயே தன்னை மறந்து திரியற பெரியவங்க இருப்பாங்க. ஊரு பைத்தியம்னு சொல்லும். அவங்கதான் மஸ்தான்." ஓடிப்போய் அம்மாவிடம், தம்பிக்குப் பைத்தியம் என்றா பெயர் வைத்தாய் என்று கேட்டேன். அம்மா அசையவில்லை. "ஈஸ்வரனையுந்தான் பித்தன்றாங்க. போயி தண்ணி எடுத்தா."

பஸ் ரைஸ் மில்லைத் தாண்டும்போது புதுத் தவிட்டு வாசனை வந்தது. தம்பிக்கு அந்தப் பெயர் வந்ததே தவிட்டால்தான். எனக்குப் பிறகு அம்மாவுக்கு இரண்டு ஆண் பிள்ளைகள் பிறந்து, இரண்டுமே தவழும் முன்னால் போய்விட்டன. மூன்றாவது பிறந்ததும் அம்மா அதை முறத்தில் கிடத்தி, பாய் வீட்டுப் பாயம்மாவிடம் கொடுத்துவிட்டாள். பாயம்மா மூன்று படி தவிடு கொடுத்து வாங்கிக்கொண்டு, மஸ்தான் என்று பெயரும் வைத்து, அம்மாவிடமே வளர்க்கக் கொடுத்தாள். சாவுக்குக் கணக்கு தப்பிப்போகும் என்று நம்பிக்கை. யாராவது கொஞ்ச வந்தால் அம்மா முந்திக்கொள்வாள்: "இது எம் புள்ள இல்ல, பாயம்மா புள்ள." அந்தப் பெயரை மாற்றினால் பிள்ளை தங்காது என்பதும் எங்களுக்கெல்லாம் தெரியும்.

தெரிந்தும் நான் மாற்றினேன்.

தம்பியைப் பள்ளிக்கூடத்தில் சேர்க்கிற நாளில் வீட்டில் எல்லோருக்கும் கடலை பிடுங்குகிற வேலை. ஐந்தாவது படித்துக்கொண்டிருந்த நான்தான் அழைத்துப்போனேன். என் வகுப்பில் வெளியூரிலிருந்து வந்த ஒருத்தி, "உன் தம்பி இன்னாடி, பாய் வூட்லேர்ந்து தூக்கியாந்ததா?" என்று ஏற்கெனவே சிரித்திருந்தாள். அவள் வாசலில் நின்றுகொண்டிருந்தாள். வாத்தியார் பெயர் கேட்டார். என் வாயிலிருந்து வந்தது, முருகேசன்.

அடுத்த வாரம் தம்பிக்குக் காய்ச்சல். மூன்றாம் நாள் கஞ்சியும் இறங்கவில்லை. அம்மா ஆஸ்பத்திரிக்கும் வீட்டுக்கும் நடந்துகொண்டிருந்தாள். நான் அவன் பக்கத்தில் போகவே பயந்தேன். நான்தான் கொல்கிறேன் என்று உறுதியாகத் தெரிந்தது. மத்தியானம் பாயம்மா வீட்டுக்குப் போய்க் கதவோரம் நின்று சொல்லிவிட்டேன்.

அடிப்பாள் என்று நினைத்தேன். "முருகேசனா? நல்ல பேருதான்" என்றாள். பிறகு, "ஆனா வாங்குனவ நான் இருக்க, என்னைக் கேக்காம எப்பிடிடீ மாத்துவே?" என்று வெள்ளைத் துப்பட்டியை எடுத்துப் போர்த்திக்கொண்டாள். கடைத்தெருவுக்குக்கூட வராத மனுஷி. என் கையைப் பிடித்துக்கொண்டு பள்ளிக்கூடம் வரைக்கும் வெயிலில் நடந்தாள்.

வாத்தியார் எழுந்து நின்றார். "நீங்க யாரும்மா?"

"அந்தப் புள்ளய வாங்குனவ."

அவர் என்னைப் பார்த்தார். பாயம்மாவே எல்லாவற்றையும் சொன்னாள். விஷயத்தைக் கேட்டுவிட்டு அவர் தலையைச் சொறிந்தார். "ரெஜிஸ்டர்ல அடிச்சி எழுதினா இன்ஸ்பெக்டர் கேப்பாரும்மா."

"கேட்டா எங்கிட்ட அனுப்புங்க. மூணு படி தவிடு அளந்த கதைய நான் சொல்றேன்."

வாத்தியார் சிரித்துவிட்டார். ஸ்கேல் வைத்து முருகேசன் மேல் சிவப்பு மையில் ஒரு கோடு போட்டு, மேலே மஸ்தான் என்று எழுதினார். பாயம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. என்னை எழுத்துக் கூட்டிப் படிக்கச் சொல்லிக் கேட்டுக்கொண்டுதான் கிளம்பினாள். அம்மாவிடம் கடைசிவரை இதைச் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை.

இரண்டு நாளில் காய்ச்சல் இறங்கியது. ஆஸ்பத்திரியில் கொடுத்த கலர் மருந்தால்தான் இறங்கியிருக்கும். அன்றைக்கு யாராவது அப்படிச் சொல்லியிருந்தால் நான் ஒத்துக்கொண்டிருக்கமாட்டேன்.

அவலூர்பேட்டையில் தம்பி மகளுக்கு இந்தக் கதையைச் சொன்னேன். பாதியில் நிறுத்தினாள்.

"அப்பாக்கு முன்ன ரெண்டு கொழந்தயா அத்தே? ரெண்டுமா?"

"ரெண்டும்."

"இங்க யாருக்கும் அப்பிடி ஆனதில்லியே."

யோசித்துப் பார்த்தேன். உண்மைதான். நர்ஸம்மா வீடு வீடாக வந்து ஊசி போடுகிறாள். போட்ட தேதியை அட்டையில் குறித்துவிட்டுப் போகிறாள். பால் மஸ்தானுக்கு முன்னால் மூன்று போயிற்று என்று அவர் அம்மா சொல்லிக் கேட்டிருக்கிறேன். திருநீறு வைக்கிற வீடுகளில் அந்தப் பெயர் எத்தனை இருந்ததோ, அத்தனை வீட்டிலும் அதற்கு முன்னால் குழி வெட்டியிருந்தார்கள். எங்கள் வீட்டுக் கதை தெரிந்தும், மற்ற வீடுகளில் அது ஏதோ ஆசைக்கு வைத்த பெயர் என்றே இத்தனை நாளும் நினைத்திருக்கிறேன். இப்போது தவிட்டுக்குப் பிள்ளை வாங்குவாரும் இல்லை, விற்பாரும் இல்லை. பாயம்மா போய்ப் பல வருஷம் ஆகிறது. மஸ்தான் என்று யாரும் வைப்பதில்லை.

எங்கள் அம்மா பிள்ளைக்கு ஒரு வயது முடிகிறவரை பெயர் சொல்லிக் கொஞ்சமாட்டாள். இவள் ஏழாம் மாதத்திலேயே வயிற்றைத் தட்டித் தட்டி ஒவ்வொரு பெயராகச் சத்தம்போட்டுக் கூப்பிட்டு, எதற்கு உதைக்கிறது என்று பார்த்துக்கொண்டிருந்தாள்.