கல்யாண மேடையில் செத்துப்போன ஜெர்மன் பாடகர்

காந்திபுரத்தில் நான் ஜெர்மன் சொல்லிக்கொடுக்கிறேன். படிக்க வருகிறவர்களில் பாதிப்பேர் ஜெர்மன் நாட்டுக்கு வேலைக்குப் போகக் காத்திருக்கும் நர்சுகள். போன வருஷம் ஒரு நாள், நிலைப்படியில் தலை இடிக்காமல் குனிந்து ஒரு ஜெர்மன்காரர் வகுப்புக்குள் வந்தார். அறுபது வயதிருக்கும். அவருடைய மனைவி, கருமத்தம்பட்டி மில் ஒன்றில் புது மிஷின் பூட்ட வந்திருந்த இன்ஜினியர். இவருக்குப் பொழுது போகவில்லை. "உச்சரிப்பு சொல்லித் தரட்டுமா? சும்மாதான்" என்றார்.

ஊரில் என்ன வேலை என்று கேட்டேன். ஆப்பராவில் டெனராம். ஆப்பரா என்றால் நம் கூத்து மாதிரி, ஆனால் பேச்சுக்கூடப் பாட்டுத்தான். டெனர் என்றால் ஆண்களில் உச்சக் குரல். "பெரும்பாலும் கதாநாயகன். கடைசியில் செத்துப்போவான். அதற்கு முன்னால் ரொம்ப நேரம் பாடுவான்" என்றார்.

இருபத்தெட்டு வயதில், பெரிய பாடகருக்குத் தொண்டை கட்டியதால் இவருக்கு வாய்ப்பு கிடைத்திருக்கிறது. மூன்று வருஷம் கதாநாயகன். பிறகு ஒரு நாள் சாகிற பாட்டின் உச்ச சுரத்தில் குரல் உடைந்துவிட்டது. அதோடு பயம் பிடித்துக்கொண்டது. மிச்ச காலமெல்லாம் தூதுவன், பூசாரி, இரண்டாவது சிப்பாய். "அரசர் வருகிறார் என்று பாடிவிட்டுப் போய்விடுவேன். அரசர் பாடுவதை ஓரமாக நின்று கேட்பேன்." சிரித்துக்கொண்டேதான் சொன்னார்.

மாணவி ஒருத்திக்கு அன்னூரில் கல்யாணம். மனிதர் வேட்டி கட்டிக்கொண்டு வந்துவிட்டார். சாயங்கால வரவேற்பில் கல்யாணப் பெண்ணே கேட்டாள், "சார், ஒரு பாட்டுப் பாடுங்க."

மைக் இல்லாமலே பாடிப் பழகியவர், மைக்கை ஒதுக்கி வைத்தார். மைக்செட்காரருக்கு முகம் சுண்டிவிட்டது. "ஏனுங்க, நம்ம செட்டு சரியில்லீங்களா?"

பாடத் தொடங்கியதும் பந்தியில் பரிமாறிக்கொண்டிருந்தவர்கள்கூட வாளியோடு வெளியே வந்துவிட்டார்கள். கேட்டதும் எனக்குப் புரிந்துவிட்டது. அது அந்தச் சாகிற பாட்டு. கண் இருட்டுகிறது, எனக்குக் குழி வெட்டியாயிற்று என்று போகிறது.

பக்கத்தில் பெண்ணின் அத்தை. "ஏனுங்க டீச்சர், என்னன்னு பாடறாருங்க?"

"ரெண்டு பேரும் நூறு வருஷம் நல்லா இருக்கோணும்ங்கறாருங்க."

"நெஞ்சை எதுக்குங்க புடிச்சுக்கறாரு?"

"மனசார வாழ்த்தறாருங்க."

மேடையில் பெண் மாலையால் வாயை மூடிக்கொண்டு குலுங்கினாள். அவளுக்குத்தான் ஜெர்மன் தெரியுமே!

உச்ச சுரம் வந்தது. குரல் பிளந்தது. ஜனங்கள் அதை ஏதோ நுணுக்கம் என்று நினைத்து விசிலடித்தார்கள். அவர் ஒரு கணம் திகைத்து, விட்ட இடத்தில் பிடித்து, முடித்து, மல்லாக்க விழுந்து செத்துப்போனார்.

"சோடா! சோடா!" என்று நாலு பேர் ஓடினார்கள்.

"ஒண்ணுமில்லீங்க! பெரியவங்க கால்ல விழறாருங்க, ஆசீர்வாதம் பண்ணுங்க!" என்று கத்தினேன்.

"மல்லாக்க உழுந்தா கும்பிடுவாங்க?" என்றார் ஒரு பெரியவர்.

"அவங்க ஊர்ல அப்படித்தானுங்க."

அத்தை அட்சதையை அள்ளி அவர்மேல் போட்டார். "நல்லா இருங்க கண்ணு, எந்திரிங்க." மூக்கில் மஞ்சள் அரிசியோடு எழுந்தவர், அத்தையின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டு விடவே இல்லை.

திரும்பும்போது காரில் எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டேன். அன்னூர் எல்லை தாண்டும்வரை சிரித்தார். அப்புறம், "உடைந்துபோனது, கேட்டீர்களா?" என்றார்.

"கேட்டேன்."

"விசிலடித்தார்களே!" என்று சொல்லிவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

மறுவாரம் அத்தை போன் செய்தார். பவானியில் பேரனுக்குக் காதுகுத்து, அந்த வாழ்த்துப்பாட்டுக்காரர் கட்டாயம் வரணுமாம். யாரும் சாகாத பாட்டாகப் பார்க்கச் சொன்னேன். இரண்டு நாள் யோசித்தவர், டெனர் பாட்டுகளில் அப்படி ஒன்றும் அகப்படவில்லை என்று கைவிரித்தார். கடைசியில், அவருடைய அம்மா பாடிய தாலாட்டு ஒன்றைத் தேர்ந்தெடுத்தோம். குழந்தை தூங்கவில்லை. தாய்மாமன் தூங்கிவிட்டார்.